உச்சிப்பொழுது துண்டில் வெயில் சாய்ந்து விழுகிறது: மாசியில் நெய்ததற்கு மட்டும் ஏன்?

கவுண்டன்யக் கரை, குடியாத்தம்:

பொழுது நெய்பவர்கள் யாராவது வழி சொல்லுங்கள். மழைக்காலத்தில் கஞ்சி போட்ட நெடுக்கு நூலான பாவைத் தெருவில் விரிக்க முடியாமல் தறிகள் சும்மா கிடப்பது இங்கே எல்லோருக்கும் தெரியும். அதற்காகவே உச்சி வெயிலை நூலோடு சேர்த்து உச்சிப்பொழுது துண்டு நெய்கிறோம். பாவுக்கு அடியில் விரித்தால், குறுக்கு நூலான ஊடையில் இறங்கிய வெயில் மேலெழுந்து நூலை உலர்த்தும். சென்ற ஐப்பசியில் மழை விட்ட நாட்களில் நெய்த துண்டில் எந்தக் குறையும் இல்லை. மாசியில் நெய்ததுதான் படுத்துகிறது.

இரவில் வீட்டுக்குள் விரித்து நடுவில் ஒரு குச்சியை நிறுத்திப் பார்த்தேன். நிழல் மேற்கே சாய்ந்து விழுகிறது. ஏறத்தாழ ஒரு நாழிகை (24 நிமிடம்) கழிந்த பிறகே நேராகிறது. அதற்குள் பாவின் ஒரு பக்கம் முறுகி, மறுபக்கம் ஈரமாகவே நிற்கிறது. இன்னொன்று: சில இடங்களில் பொழுது இரட்டிக்கிறது. நெய்தபோது கத்திய காக்கையின் குரல் அங்கே இரண்டு முறை கேட்கிறது.

குழித்தறி, ஊடையை அடித்து இறுக்கும் அச்சு, பருத்தி நூல் எல்லாம் ஐப்பசியில் இருந்தவையே. கடிகாரத்தில் சரியாகப் பன்னிரண்டு ஆனதும் முதல் ஊடை, ஒரு மணிக்கு ஊடையைக் கொண்டு ஓடும் நாடாவை நிறுத்திவிடுவோம். மறுநாள் உச்சியில் மீண்டும் தொடங்குவோம். மாசியில் மட்டும் நானும் மனைவியும் மாறி மாறி உட்கார்ந்தோம். அடுத்த மழைக்குள் இதைச் சரிசெய்தாக வேண்டும். எங்கள் தெருவில் பல வீடுகள் இந்தத் துண்டை நம்பியிருக்கின்றன.

வாலாஜா ராட்டை:

மாசியில் காற்று வறண்டுவிடும், இழை அதிகமாக அறும். அறுந்த இழையை முடிந்த இடத்தில் பொழுது கசியும். தறிக்குழியில் ஈரமணல் பரப்பி, பக்கத்தில் தண்ணீர்ப் பானை வையுங்கள். கஞ்சியிலும் பதம் பாருங்கள்.

கவுண்டன்யக் கரை:

பார்த்துவிட்டேன் ஐயா. அறுந்த இழைகள் மிகக் குறைவு. முடிச்சே இல்லாத பகுதியிலும் நிழல் சாய்கிறது.

ஆரணித் தறிக்காரி:

தம்பி, காக்கைக் குரலுக்கு மட்டும் நான் பதில் சொல்கிறேன். ஆள் மாறும்போது மிதியை எப்படி விடுகிறீர்கள்? ஒரு மிதி தாழ்ந்தபடி இருந்தால் பாவு வாயைத் திறந்தே கிடக்கும். இழைக்கும் இழுப்பு அதிகம், கடைசி ஊடையும் இறுகாது. இறுகாத ஊடை அடுத்த கணத்தையும் தனக்குள் இழுத்துக்கொள்ளும். அதனால்தான் இரட்டிப்பு. எழுவதற்கு முன் இரண்டு மிதியும் சமமாக இருக்கட்டும், பாவு மூடியபின் அச்சால் ஓங்கி ஒருமுறை அடியுங்கள். உட்காருபவர் முதலில் அந்தக் கடைசி ஊடையை உருவிவிட்டுத் தொடங்க வேண்டும். பட்டில் நாங்கள் விடியலையும் அந்தியையும்தான் நெய்கிறோம், அங்கும் இதே முறைதான்.

நிழல் சாய்வது வேறு நோய். அது எனக்குப் பிடிபடவில்லை.

விரிஞ்சிபுரத்து வாத்தியார்:

தறியில் குறையே இல்லை. குறை அந்தக் கடிகாரப் பன்னிரண்டில் இருக்கிறது.

1906 ஜனவரி 1 முதல் நாம் பின்பற்றும் இந்திய நேரம் 82½ பாகைத் தீர்க்கரேகைக்கு உரியது. அது மிர்சாபூர் பக்கம் செல்கிறது. நம் ஊர்கள் 79 பாகையை ஒட்டியவை. ஒரு பாகைக்கு 4 நிமிடம் என்றால், சூரியன் நம் தலைக்கு மேல் வர அங்கே வந்ததற்குப் பிறகு சுமார் 14 நிமிடம் ஆகிறது. இதோடு முடியவில்லை. பூமியின் பாதை நீள்வட்டம், அச்சும் சாய்ந்தது. எனவே உச்சி நேரம் ஆண்டு முழுவதும் முன்னும் பின்னும் நகர்கிறது. நவம்பர் தொடக்கத்தில் சூரியன் 16 நிமிடம் முந்துகிறது. பிந்துவதும் முந்துவதும் கழிந்து, ஐப்பசிக் கடைசியில் கடிகாரப் பன்னிரண்டும் நம் உச்சியும் ஏறத்தாழ ஒன்றாகிவிடுகின்றன. உங்கள் முதல் துண்டு அதனால் தப்பியது. பிப்ரவரி நடுவில் 14 நிமிடம் பிந்துகிறது. இரண்டு பதினான்கும் சேர்ந்தால் 28 நிமிடம், அதாவது ஒரு நாழிகைக்கும் சற்று மேல். நீங்கள் மாசியில் நெய்யத் தொடங்கியது உச்சியை அல்ல, முற்பகலின் கடைசி நாழிகையை.

எங்கள் மார்க்கபந்தீசுவரர் கோயிலில் காலம் காட்டும் கல் ஒன்று இருக்கிறது. அரைவட்டமாகச் செதுக்கி எண்களைப் பொறித்திருக்கிறார்கள். மேலே குச்சியை வைத்தால் நிழல் மணியைக் காட்டும். அது காட்டுவது இந்த மண்ணின் பொழுது. தினமும் இங்கே வர வேண்டாம். முற்றத்தில் ஒரு குச்சியை நேராக நட்டு, அதைச் சுற்றி வட்டம் போடுங்கள். நிழலின் நுனி முற்பகலிலும் பிற்பகலிலும் வட்டத்தைத் தொடும் இரண்டு புள்ளிகளைக் குறித்து, அவற்றின் நடுப்புள்ளியைக் குச்சியோடு இணையுங்கள். அதுவே வடக்கு தெற்குக் கோடு. நிழல் அதில் விழும் கணத்தில் முதல் ஊடையைப் போடுங்கள். கோடு எல்லா மாதத்துக்கும் பொருந்தும்.

கவுண்டன்யக் கரை:

ஐயா, கோடு போட்டுப் பார்த்தேன். பங்குனியில் கடிகாரம் 12.20ஐ ஒட்டியபோதுதான் நிழல் கோட்டுக்கு வந்தது. அப்போது தொடங்கிக் கைக்குட்டை அளவு நெய்து விரித்தேன், நிழல் நேராகவே நிற்கிறது. அக்கா சொன்னபடி மிதியைச் சமமாக விட்டதில் காக்கையும் ஒரு முறைதான் கத்தியது. இருவருக்கும் மிகுந்த நன்றி. மாசித் துண்டை என்ன செய்வது? அவிழ்த்துவிடலாமா?

ஆரணித் தறிக்காரி:

அவிழ்க்காதீர்கள் தம்பி, ஒரு கணம்கூட மிஞ்சாது. சாய்ந்த வெயில் பாவுக்குத்தான் ஆகாது, வடாமுக்கும் மிளகாய்க்கும் அது தாராளம். வீட்டில் கொடுத்துவிடுங்கள்.

விரிஞ்சிபுரத்து வாத்தியார்:

அடுத்த துண்டைச் சித்திரையில் தொடங்குங்கள். ஏப்ரல் 24ஐ ஒட்டிய நாட்களில் உச்சியில் சூரியன் நம் தலைக்கு நேர் மேலே வருகிறது. குச்சியின் நிழல் அடியிலேயே ஒடுங்கிவிடும், கோட்டைப் பார்க்கக்கூட வேண்டியதில்லை. அந்த உச்சியை நெய்தால் துண்டை எந்தத் திசையில் விரித்தாலும் வெயில் சமமாகவே விழும். நாடாவுக்குள் வைக்கும் ஊடை நூல் தாரை முந்தின இரவே சுற்றி வைத்துக்கொள்ளுங்கள்.