தம்பிக்கு பைபோலார், லித்தியம் பற்றித் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

தண்டையார்பேட்டை அக்கா: தம்பிக்கு 24 வயது, காசிமேட்டில் ஐஸ் ஏற்றும் வேலை. ராத்தூக்கமே இல்லாமல் ஓயாமல் பேசினான், கடன் வாங்கிச் செலவு செய்தான், அப்புறம் மாதக்கணக்கில் படுக்கைதான். ஸ்டான்லி ஆஸ்பத்திரியில் பைபோலார், அதாவது மனம் அதீத உற்சாகத்துக்கும் கடும் சோர்வுக்கும் மாறி மாறிப் போகும் நோய் என்று சொல்லி, லித்தியம் மாத்திரை கொடுத்திருக்கிறார்கள். அம்மா செய்வினை என்கிறார். பெரியப்பாவுக்கும் இப்படி இருந்ததாம். பரம்பரையா?

ராயபுரம் நர்ஸ்: செய்வினை இல்லைம்மா. பரம்பரைக்குப் பெரிய பங்கு உண்டு, ஆனால் ஒரே மரபணுவின் வேலை இல்லை. 2021இல் வந்த ஆய்வில் 40,000க்கும் மேற்பட்ட நோயாளிகளின் மரபணுக்களைப் பார்த்து, இந்த நோயோடு தொடர்புள்ள 64 மரபணு இடங்களைக் கண்டார்கள். தூக்கம் கெடுவது, பெரிய மன அழுத்தம், போதை இதெல்லாம் தூண்டிவிடும். லித்தியம் 1949இல் ஆஸ்திரேலிய மருத்துவர் ஜான் கேட் எழுதிய கட்டுரையிலிருந்து வந்த மருந்து, இன்றும் முதல் வரிசையில் இருக்கிறது, தற்கொலை ஆபத்தையும் குறைக்கிறது. ஆனால் மருந்தளவுக்கும் நச்சளவுக்கும் இடைவெளி குறைவு. வெயிலில் வியர்த்து உடம்பில் நீர் வற்றினால் ரத்தத்தில் லித்தியம் ஏறிவிடும், அதனால் தண்ணீர் நிறையக் குடிக்கட்டும், உப்பைத் திடீரென்று குறைக்க வேண்டாம், கை அதிகம் நடுங்கினாலோ வாந்தி, தள்ளாட்டம் வந்தாலோ உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். உடம்புவலிக்கு ஐப்யூபுரூஃபன் மாத்திரையை டாக்டரைக் கேட்காமல் போடக் கூடாது. லித்தியம் அளவு, தைராய்டு, சிறுநீரகம் மூன்றுக்கும் ரத்தப் பரிசோதனை தவறக் கூடாது.

வியாசர்பாடி குமார்: நல்லாகிவிட்டது என்று அவனாக மாத்திரையை நிறுத்தவே கூடாது, சட்டென்று விட்டால் திரும்ப வரும் ஆபத்து அதிகம். முடிந்தால் ராத்திரி ஷிப்டை மாற்றச் சொல்லுங்கள் அக்கா. அவசரத்துக்கு அரசின் மனநல உதவி எண் 14416, இலவசம், தமிழிலேயே பேசலாம்.