பலோச்சில் வேலை: எங்கள் குடும்பக் குழுவில் நடந்த பேச்சு

சரவணன்: எல்லோருக்கும் ஒரு விஷயம். தெற்கு சூடானில் வேலை கிடைத்திருக்கிறது. பலோச் என்கிற எண்ணெய் வயல். பம்ப் மெக்கானிக். மாதம் 1,800 டாலர், சாப்பாடும் தங்குமிடமும் அவர்கள் பொறுப்பு. வெள்ளிக்கிழமைக்குள் பதில் சொல்ல வேண்டுமாம்.

சித்தி: வாழ்த்துகள்டா 🎉🎉

பெரியப்பா: நல்ல செய்தி. யோசிக்காமல் கிளம்பு. நம் ஓஎன்ஜிசியே கோடி கோடியாகப் பணம் போட்ட நாடு அது. தெரியாமலா அரசாங்கம் போடும்?

அம்மா: சண்டை வந்து நம் ஆட்களைக் கப்பலில் ஏற்றி ஜெத்தா வழியாகக் கூட்டி வந்தார்களே, அந்த ஊரா?

தேவி: அது சூடான் அம்மா. 2023, ஆபரேஷன் காவேரி. இது தெற்கு சூடான். 2011 ஜூலையில் பிரிந்து தனி நாடானது.

அம்மா: பெயர்தான் வேறு போல. எனக்கு மனசு ஒப்பவில்லை.

தேவி: மாமா எங்கே? அந்தப் பக்கம் வேலை பார்த்தவர் அவர் ஒருவர்தான்.

சித்தி: அதற்குள், ஞாயிறு வளைகாப்புக்கு எத்தனை பேர் என்று சொல்லுங்கள். சமையல்காரர் கேட்கிறார்.

மாமா: நாங்கள் மூன்று பேர்.

மாமா: சரவணா, நான் இருந்தது சூடான் எல்லையில் இருக்கிற ஹெக்லிக் எண்ணெய் வயல். பலோச் அங்கிருந்து கிழக்கே, மேல் நைல் மாநிலத்தில். அத்தான் சொன்னதில் ஒரு திருத்தம். ஓஎன்ஜிசியின் வெளிநாட்டுக் கிளையான ஓஎன்ஜிசி விதேஷ் பங்கு வைத்திருப்பது பெண்டியூ பக்கத்து வயல்களில். பலோச்சில் நமக்குப் பங்கு இல்லை. அங்கே பெரிய பங்கு சீனாவின் சிஎன்பிசிக்கு. அடுத்து மலேசியாவின் பெட்ரோனாஸ் இருந்தது. 2024இல் அவர்களும் கிளம்பிவிட்டார்கள், கிட்டத்தட்ட 30 வருஷம் இருந்துவிட்டு.

பெரியப்பா: எந்த வயலாக இருந்தால் என்ன மாப்பிள்ளை, பணம் போட்டது உண்மைதானே?

மாமா: உண்மைதான் அத்தான். 2003இல் கனடாவின் தலிஸ்மானிடம் 25 சதவீதப் பங்கை வாங்கினோம், 70 கோடி டாலருக்கு மேல் கொடுத்து. கனடாக்காரன் ஏன் விற்றான் என்பதையும் பார்க்க வேண்டும். எண்ணெய் நன்றாகத்தான் வந்துகொண்டிருந்தது. ஆனால் வயல்களைச் சுற்றியிருந்த நுவேர், டிங்கா இன மக்களின் ஊர்களை சூடான் ராணுவம் குண்டு போட்டும் எரித்தும் காலி செய்தது. ஹெக்லிக்கில் கம்பெனி விமானதளத்தில் ராணுவ ஹெலிகாப்டர்கள் வந்து போனதை, கனடா அரசு அனுப்பிய ஹார்க்கர் குழுவே 2000இல் எழுதிக் கொடுத்தது. சர்ச்சுகள் போராடின, பெரிய முதலீட்டாளர்கள் பங்கை விற்றார்கள். கடைசியில் கம்பெனியும் விற்றுவிட்டுப் போனது. அதற்கும் முன்னால் அங்கே எண்ணெய் கண்டுபிடித்தவன் அமெரிக்காவின் செவ்ரான். 1984இல் அவனுடைய ஊழியர்கள் மூன்று பேரைக் கிளர்ச்சியாளர்கள் கொன்றதும் வேலையை நிறுத்தினான், கடைசியில் உரிமையையும் விட்டுப் போனான்.

பெரியப்பா: நாம் வாங்காவிட்டால் சீனாக்காரன் வாங்கியிருப்பான்.

மாமா: அவனுக்கு ஏற்கெனவே 40 சதவீதம். போனது தப்பு என்று நான் சொல்ல வரவில்லை. அந்தச் சம்பளத்தில்தான் நான் மாடி எடுத்தேன். அரசாங்கம் பணம் போட்டதால் ஊர் பத்திரம் என்கிறீர்களே, அதைத்தான் ஒத்துக்கொள்ள முடியவில்லை. சூடான் தலைநகர் கார்ட்டூமிலிருந்து போர்ட் சூடான் துறைமுகத்துக்கு 741 கிலோமீட்டர் குழாயும் ஓஎன்ஜிசி விதேஷ் போட்டுக் கொடுத்தது. சூடான் அரசிடமிருந்து பாக்கி வராமல் நடுவர் மன்றத்துக்குப் போக வேண்டியதாயிற்று.

தேவி: ஸ்வீடனில் ஒரு வழக்கும் நடந்ததே மாமா. லுண்டின் கம்பெனியின் பழைய தலைவர்கள் இரண்டு பேர் மேல், 1999 முதல் 2003 வரை நடந்த போர்க்குற்றங்களுக்கு உடந்தை என்று. 2023 செப்டம்பரில் ஸ்டாக்ஹோமில் விசாரணை தொடங்கியது. இரண்டு பேரும் மறுக்கிறார்கள். அது எந்த வயல்?

மாமா: பெண்டியூ பக்கம் 5ஏ என்ற வயல். அதே வயலில் ஆஸ்திரியாவின் ஓஎம்வி விற்ற பங்குதான் பிறகு நம்மிடம் வந்தது. மனசாட்சியோ பங்குச்சந்தையோ உறுத்தி ஒருவன் விட்டுப் போவதும், அரசுக் கம்பெனி வந்து உட்காருவதும் அங்கே வழக்கமான கதை.

சரவணன்: அதெல்லாம் 20 வருஷத்துக்கு முந்தையது மாமா. இப்போது நிலைமை என்ன?

மாமா: குழாயிலிருந்து சொன்னால்தான் புரியும். நாடு பிரிந்தபோது எண்ணெயில் முக்கால் பங்கு தெற்குக்குப் போனது. தெற்குக்குக் கடல் கிடையாது. குழாய், ஏற்றுமதித் துறைமுகம் எல்லாம் வடக்கில். குழாய் வாடகையாக பீப்பாய்க்கு 36 டாலர் வேண்டும் என்று கார்ட்டூம் கேட்டது. தெற்கு ஒரு டாலருக்கும் குறைவாகத் தருகிறேன் என்றது. 2012 ஜனவரியில் கிணறுகளையே மூடிவிட்டார்கள். ஒரு நாளைக்கு 3.5 லட்சம் பீப்பாய், ஒரு வருஷத்துக்கு மேல் நின்றது. கடைசியில் 9 முதல் 11 டாலர் வாடகை, அதற்கு மேல் பிரிவினை ஈடாக 15 டாலர் என்று முடிந்தது.

அம்மா: நம் கிணற்றுத் தண்ணீர் பங்காளி வயல் வழியாக வருகிற மாதிரி. அவன் மடையை அடைத்தால் போச்சு.

மாமா: அதேதான் அக்கா. இப்போது அந்தப் பங்காளி வீட்டுக்குள்ளேயே வெட்டு குத்து. 2023 ஏப்ரலிலிருந்து சூடானில் புர்ஹானின் ராணுவமும் ஹெமெட்டியின் ஆர்எஸ்எஃப் என்ற துணை ராணுவப் படையும் மோதுகின்றன. உன் வேலைக்கு இதில் என்ன சம்பந்தம் என்று பார், சரவணா. பலோச் எண்ணெய்க்கு டார் என்று பெயர். அதில் மெழுகு அதிகம். சூடாக்கிக்கொண்டே தள்ளவில்லை என்றால் குழாய்க்குள்ளேயே உறைந்துவிடும். வழியில் பம்ப் நிலையங்கள் எல்லாம் டீசலில் ஓடுகின்றன. 2024 பிப்ரவரியில் போர் நடக்கும் இடத்தில் நிலையங்களுக்கு டீசல் போய்ச் சேரவில்லை. எண்ணெய் உறைந்து குழாய் வெடித்தது. கிட்டத்தட்ட ஒரு வருஷம் ஏற்றுமதி இல்லை. 2025 தொடக்கத்தில்தான் மறுபடி ஓடத் தொடங்கியது.

சரவணன்: அப்போது அங்கே இருந்தவர்களுக்குச் சம்பளம்?

மாமா: நேரடி ஊழியர் கதை வேறு, கான்ட்ராக்ட் ஆள் கதை வேறு. உற்பத்தி நின்றால் முதலில் வெட்டுவது கான்ட்ராக்டைத்தான். நீ யாருடைய சம்பளப் பட்டியலில் வருகிறாய்?

சரவணன்: தெரியவில்லை. கேட்கிறேன்.

தேவி: நாட்டுக்கே வருமானத்தில் சுமார் 90 சதவீதம் எண்ணெய்தான். 2024இல் குழாய் நின்றபோது ஆசிரியர்கள், போலீஸ்காரர்கள் எல்லோரும் மாதக்கணக்கில் சம்பளம் இல்லாமல் இருந்தார்கள். எண்ணெய்க்குப் பதில் சாலை என்று ஒரு திட்டம். அதில் 220 கோடி டாலர் அதிகாரத்துக்கு நெருக்கமான கம்பெனிகளுக்குப் போனது, சாலைகள் பெரும்பாலும் முடியவில்லை என்று ஐநா மனித உரிமை ஆணையம் 2025 செப்டம்பரில் அறிக்கை கொடுத்தது.

சித்தி: எல்லா ஊரிலும் கான்ட்ராக்ட் இப்படித்தான் போல 😀

பெரியப்பா: ஊழல் எங்கேதான் இல்லை? பையன் வேலை பார்த்துச் சம்பளம் வாங்கப் போகிறான். கேம்புக்குள் இருந்தால் யார் என்ன செய்யப் போகிறார்கள்?

மாமா: கேம்புக்குள் இருந்தால் பிரச்சினை குறைவு, ஒத்துக்கொள்கிறேன் அத்தான். வேலி, காவல், ஜெனரேட்டர், ஏசி அறை எல்லாம் இருக்கும். வேலிக்கு வெளியே குடிக்கிற தண்ணீரில் எண்ணெய்க் கழிவு கலந்துவிட்டது என்று பல வருஷமாகச் சொல்கிறார்கள். சுற்றியிருக்கிற ஜனங்களுக்கு வயலால் வந்தது அதுதான். கோபம் வராதா? அதோடு, 2025 மார்ச்சில் அதே மேல் நைல் மாநிலத்தில், நாசிரில் ராணுவ முகாமை ஆயுதக் குழு பிடித்தது. அதைத் தொடர்ந்து துணை அதிபர் மச்சாரை வீட்டுக் காவலில் வைத்தார்கள், பிறகு தேசத்துரோக வழக்கும் போட்டார்கள். 2013இல் அவரும் அதிபர் கீரும் மோதிக்கொண்டதில்தான் உள்நாட்டுப் போரே வந்தது.

மாமா: நான் இருந்த ஹெக்லிக்கை 2025 டிசம்பரில் ஆர்எஸ்எஃப் பிடித்தது. வேலை பார்த்தவர்கள் எல்லையைத் தாண்டித் தெற்குக்குப் போனார்கள். பிறகு சூடான் ராணுவம், ஆர்எஸ்எஃப், தெற்கு சூடான் என்று மூன்று தரப்பும் பேசி, தெற்கு சூடான் படையைக் காவலுக்கு நிறுத்தினார்கள். எண்ணெய் ஓடினால்தான் மூன்று பேருக்கும் பணம். சண்டை போடுகிறவர்கள்கூடக் குழாயை ஒரேயடியாக உடைக்க விரும்புவதில்லை. அதனால் வேலை இருக்கும், நான் இல்லை என்று சொல்லவில்லை. எந்த வாரம் இருக்கும், எந்த வாரம் இருக்காது என்பதை தெற்கு சூடான் தலைநகர் ஜூபாவில் உள்ளவனாலும் சொல்ல முடியாது.

அம்மா: வேண்டாம்டா.

சரவணன்: இங்கே 18,000 ரூபாயில் இன்னும் எத்தனை வருஷம் அம்மா? கல்விக்கடன் வேறு இருக்கிறது.

மாமா: போகவே கூடாது என்று முடிவு கட்ட வேண்டாம் அக்கா. முதலில் ஏஜென்ட்டிடம் எழுத்தில் வாங்கட்டும். சம்பளம் கொடுப்பது எந்தக் கம்பெனி, எந்த நாட்டு வங்கியில் போடுவார்கள், உற்பத்தி நின்றால் திரும்பி வர டிக்கெட் யார் செலவு, போர் ஆபத்தையும் சேர்த்த காப்பீடு உண்டா. சாதாரணக் காப்பீட்டில் போருக்குப் பணம் தரமாட்டார்கள். ஏஜென்ட்டின் உரிம எண்ணை வாங்கி மத்திய அரசின் இமைக்ரேட் தளத்தில் தேவி பார்க்கட்டும்.

தேவி: எண்ணை அனுப்பு, இப்போதே பார்க்கிறேன்.

சரவணன்: கேட்டேன். எல்லாம் விசா வந்த பிறகு சொல்கிறேன் என்கிறார். உரிம எண் கேட்டதற்குப் பதில் இல்லை, நீல டிக் வந்துவிட்டது.

பெரியப்பா: அப்படியென்றால் சரியில்லை. யார் அவன்?

மாமா: பாஸ்போர்ட் உன்னிடம்தானே இருக்கிறது?

சரவணன்: போன வாரமே கொடுத்துவிட்டேன் மாமா. விசா வேலைக்கு ஒரிஜினல் வேண்டும் என்றார்.

அம்மா: 😡

மாமா: நாளை காலை 9 மணிக்கு அந்த ஆபீஸ் வாசலில் நிற்கிறேன். பணம் கட்டிய ரசீது இருந்தால் எடுத்துக்கொண்டு நீயும் வா.

பெரியப்பா: நானும் வருகிறேன். முகவரி அனுப்பு.