ஸ்டாரெவிச்சின் வண்டுக் கால்கள்: நூலா, கம்பியா?

கொட்டகைக்காரன்:
ஊமைப்பட காலத்தில் செத்த வண்டுகளை நடிக்கவைத்துப் படம் எடுத்தவர் ஸ்டாரெவிச். அவரை "வெறும் பொம்மலாட்டக்காரர், செத்த வண்டுகளை நூல் கட்டி இழுத்தவர்" என்று நூல்வேலு எழுதியிருக்கிறார். படித்ததும் பற்றிக்கொண்டு வந்தது. 1910 வாக்கில் லிதுவேனியாவின் கவ்னாஸ் நகர அருங்காட்சியகத்தில் இருந்தபோது மான்கொம்பு வண்டுகளின் சண்டையைப் படம்பிடிக்கப் பார்த்தார். இரவில் உலவும் பூச்சி. விளக்கைப் போட்டதும் அசையாமல் நின்றுவிட்டது. பிறகுதான் செத்த வண்டின் கால்களைக் கழற்றி, கம்பிக் கால்களை மார்புக்கு அடியில் அரக்கால் ஒட்டி, ஒவ்வொரு பிரேமுக்கும் கொஞ்சம் நகர்த்திப் படம்பிடித்தார். நூல் எங்கிருந்து வந்தது?

நூல்வேலு:
அரக்கோ மெழுகோ, விளக்குச் சூட்டில் நிற்குமா? கால் தொங்கிவிடும். நூல்தான்.

கொட்டகைக்காரன்:
60 டிகிரி தாண்டினால் உருகுவது தேன்மெழுகு. முத்திரை அரக்கு அதைவிடச் சூடு தாங்கும். நூல் இழுக்கும், தள்ளாது. தூக்கிய முன்காலை அந்தரத்தில் நிறுத்தி, அடுத்த பிரேமுக்கு இம்மியளவு இறக்க வேண்டும். நூலில் தொங்கும் கால் மூச்சுக்காற்றுக்கே ஆடும். நொடிக்கு 16 பிரேம் என்றால் 10 நிமிடத்துக்கு 9,600 பிரேம். கேமராவின் வழக்கமான கைப்பிடி ஒரு சுற்றுக்கு 8 பிரேம் ஓட்டும். இந்த வேலைக்கு, ஒரு சுற்றுக்கு ஒரே பிரேம் நகரும் தண்டில் அதை மாட்ட வேண்டும். இதெல்லாம் தெரிந்துதான் பேசுகிறீர்களா?

ஈரமணல்:
காய்ந்த வண்டை அப்படியே வளைத்தால் மூட்டோடு ஒடியும். மூடிய டப்பாவில் ஈர மணல் போட்டு ஓரிரு நாள் வைத்தால்தான் இளகும். வெளியே எடுத்தால் மறுபடி விறைக்கும். கம்பி தேவைப்பட்டதே அதனால்தான்.

நூல்வேலு:
இளகும் என்கிறீர்கள், பிறகு கம்பி எதற்கு? நீங்களே முரண்படுகிறீர்கள். நூல்.

ஈரமணல்:
"மறுபடி விறைக்கும்" என்ற வரியை வசதியாக விட்டுவிட்டீர்கள்.

வார்சா ரசிகன்:
கால் சண்டை இருக்கட்டும். அவரை "ரஷ்ய இயக்குநர்" என்று இங்கே பலர் எழுதுவது எரிச்சலாக இருக்கிறது. பிறந்தது மாஸ்கோவில், 1882-ல். பெற்றோர் போலந்துக்காரர்கள். அவர் போலிஷ்காரர்.

பழைய ரீல்:
வளர்ந்தது கவ்னாஸில், பெயர் எடுத்தது மாஸ்கோவில் கன்ஷோன்கோவ் படநிறுவனத்தில், இறந்தது 1965-ல் பிரான்சில். போலந்து ஸ்டுடியோவிலா வேலை பார்த்தார்?

வார்சா ரசிகன்:
அன்று வரைபடத்தில் போலந்தே கிடையாது. எந்த ஸ்டுடியோவைக் கேட்கிறீர்கள்?

கொட்டகைக்காரன்:
திரியைத் திருப்பாதீர்கள். "வெறும் பொம்மலாட்டக்காரர்" என்றவருக்கு இன்னும் பதில் முடியவில்லை. 1913-ல் ரஷ்ய எழுத்தாளர் கோகோலின் கதையை நடிகர்களை வைத்து எடுத்தார், சாத்தானாக மொஸ்ஜுகின் நடித்தார். இயக்கம், ஒளிப்பதிவு, அரங்கம், பொம்மை எல்லாம் ஒரே ஆள் பார்த்தார். 1912-ல் வந்த வண்டுப் படத்தைப் பார்த்து, உயிருள்ள பூச்சிகளைப் பழக்கியிருக்கிறார் என்றே லண்டன் பத்திரிகைகள் நம்பின. நூல் தெரிந்திருந்தால் நம்பியிருப்பார்களா?

நூல்வேலு:
லண்டன்காரர்களுக்குக் கண் தெரியவில்லை என்றால் அது சான்றா? கறுப்பு நூல், கறுப்புப் பின்னணி.

கொட்டகைக்காரன்:
அவருடைய 'ஒளிப்பதிவாளனின் பழிவாங்கல்' பூச்சிப் படத்தில் பின்னணி கறுப்பா? வீடு, ஓட்டல் எல்லாம் வெளிச்சத்தில் இருக்கின்றன. முன்பொரு தடவை, ஏரோஸ்கோப் என்ற பழைய சினிமா கேமரா அழுத்தக் காற்றில் ஓடியது என்று சொன்னபோதும் "ஸ்பிரிங்தான்" என்று அடம்பிடித்தவர் நீங்கள்.

நூல்வேலு:
பழைய கணக்கைத் தீர்க்கத்தான் வந்தீர்களா?

பழைய ரீல்:
"ஒரே ஆள்" என்று கொட்டகைக்காரன் எழுதியதும் தப்பு. பிரான்சில் மகள் இரேனும் சேர்ந்துதான் இயக்கினார். அவர்கள் எடுத்த 'நரிக் கதை' பொம்மைப் படத்தின் படப்பிடிப்பே 18 மாதம். இரேன் பெயரை யாரும் சொல்வதில்லை.

கொட்டகைக்காரன்:
நான் சொன்னது 1913. நரிக் கதை 1930. ஆண்டைப் பார்த்துவிட்டு எழுதுங்கள்.

பழைய ரீல்:
ஆண்டு தெரியும். இரேன் பெயரை இப்போதும் நீங்கள் எழுதவில்லை.

நூல்வேலு:
அரக்கு உருகும். அதற்கு இன்னும் பதில் வரவில்லை.

கொட்டகைக்காரன்:
வந்தது. மேலே போய்ப் படியுங்கள்.