அவித்த மாவும் பச்சை மாவும்: வீட்டில் செய்த இறால் வொன்டன் சூப்

வொன்டன் என்பது மெல்லிய மாவுக்குள் இறால் போன்றதை வைத்து மடித்து, சூப்பில் போடும் சீன டம்ப்ளிங். அந்த டம்ப்ளிங் எல்லாம் கரைந்து சூப் கூழாகிவிட்டது என்று இங்கே இரண்டு பேர் எழுதியிருந்தார்கள். எனக்கும் முதல் தடவை அதேதான் நடந்தது. சூப்பில் ஒரு பிழையும் இல்லை, பிழை மாவில் இருந்தது. நம் குசினிகளில் இது நடக்க நிறைய இடமுண்டு என்பதால் விரிவாகவே எழுதுகிறேன்.

வெள்ளவத்தையில் காலி வீதிக்கும் கடலுக்கும் நடுவே ஓர் அடுக்குமாடியில் இருக்கிறோம். மகளுக்குத் தடிமன் பிடித்திருந்த ஒரு மழை நாளில், முன்பு கடையில் குடித்த இறால் வொன்டன் சூப் வேண்டும் என்றாள். சந்தைக்குப் போய் அரைக் கிலோ இறாலும் இரண்டு சின்னக் கணவாயும் வாங்கினேன். "தலையைக் கிள்ளித் தரவா அக்கா?" என்று மீன்காரத் தம்பி கேட்டார். வேண்டாம் என்று அப்படியே வாங்கி வந்தேன். சூப்பின் ருசி முழுக்க அந்தத் தலையில்தான் இருக்கிறது.

தலையையும் ஓட்டையும் இரண்டு மேசைக்கரண்டி எண்ணெயில் போட்டு, அகப்பையால் நசித்து நசித்து வதக்க வேண்டும். சாம்பல் நிறத்தில் இருந்தவை முதலில் ஓரத்தில் சிவக்கும், அப்புறம் எண்ணெயே செம்மஞ்சளாக மாறும். ஓட்டில் இருக்கும் அஸ்டாசாந்தின் என்ற நிறமி, பச்சையாக இருக்கும்போது ஒரு புரதத்தோடு பிணைந்து மங்கிக் கிடக்கிறது. சூடு பட்டதும் பிணைப்பு விட்டு, சிவப்பு வெளியே வருகிறது. அது கொழுப்பில் கரையும், தண்ணீரில் கரையாது. நேரே தண்ணீரில் போட்டு அவித்தால் சூப் வெளிறிப்போவது அதனால்தான்.

பிறகு ஒன்றரை லீற்றர் தண்ணீர், நசித்த இஞ்சி, நாலு பல் உள்ளி, லீக்ஸின் பச்சைப் பக்கம், இரண்டு துண்டு மாசி. மெல்லிய நெருப்பில் 25 நிமிடம். மாசி எதற்கு என்று கேட்பீர்கள். தென் சீனாவின் கன்டன் பக்கத்தில் வொன்டன் சூப்புக்குக் காய்ந்த தட்டை மீன் போடுவார்கள். ஜப்பானியர் பல சூப்புகளுக்குக் காய்ந்து புகைபிடித்த சூரை மீனைச் சீவிப் போடுகிறார்கள். 1913இல் ஷின்தாரோ கொடாமா என்ற ஜப்பானிய ஆய்வாளர், அந்த ருசிக்குக் காரணம் இனோசினேட் என்ற பொருள் என்று கண்டுபிடித்தது அந்த மீனிலிருந்துதான். நம் சம்பலுக்குப் போடும் மாசியும் அதே சூரைதான். மீன் சோஸ் இல்லாமல் செய்யலாமா என்று இங்கே ஒருவர் கேட்டிருந்தார். தாராளமாகச் செய்யலாம், மாசியும் கொஞ்சம் சோயா சோஸும் போதும்.

நான் இதை வடிகட்டிக்கொண்டிருந்தபோது அம்மா மாக் குழைக்கத் தொடங்கிவிட்டார். இடியப்பத்துக்கென்று அவித்து அரித்துப் பேணியில் வைத்திருந்த கோதுமை மாவை எடுத்து, கொழுக்கட்டைக்குக் குழைப்பதுபோல் கொதிதண்ணீர் விட்டுக் குழைத்தார். மா பட்டுப்போல இருந்தது. எனக்கும் ஒரு சந்தேகமும் வரவில்லை. அம்மா மடித்ததைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். இடது கையில் வட்டம், நடுவில் ஒரு கரண்டி இறால், வலது பெருவிரலும் சுட்டுவிரலும் ஓரத்தைச் சின்னச் சின்னதாகக் கிள்ளி மடித்து ஒட்டிக்கொண்டு போகும். பேரப்பிள்ளைக்குப் பல் முளைத்தபோது பல்லுக்கொழுக்கட்டைக்கு வைத்த அதே மடிப்பு. சீனர்கள் தங்கள் ஜியாவோசி என்ற டம்ப்ளிங்குக்கு வைக்கும் மடிப்பும் இதற்கு ரொம்பத் தூரமில்லை.

கொதிக்கும் சூப்பில் போட்டு இரண்டு நிமிடம் ஆகவில்லை, மடிப்புகள் ஒவ்வொன்றாக வாய் திறந்தன. இறால் ஒரு பக்கம், மா ஒரு பக்கம். அம்மா அகப்பையால் கிளறிப் பார்த்துவிட்டு, "ஒடியல் மா இல்லாத கூழ் பிள்ளை இது" என்றார். ருசியில் குறையில்லை, மகள் இரண்டு கிண்ணம் குடித்தாள். ஆனால் அவள் கேட்டது அதுவல்லவே என்று எனக்கு இரவு முழுக்க மனதில் கிடந்தது.

காரணம் இதுதான். பச்சைக் கோதுமை மாவில் தண்ணீர் பட்டுக் குழைக்கும்போது குளூட்டன் என்ற புரதம் வலைபோல இழுபட்டு உருவாகிறது. மாவை அவித்தால் அந்தச் சக்தி போய்விடும். இடியப்பமும் பிட்டும் களியாகாமல் உதிரியாக வருவதற்காகத்தான் நாம் அவிக்கிறோம். கொழுக்கட்டை மாவில் கொதிதண்ணீர் மாச்சத்தை வேக வைத்து ஒட்டவைக்கிறது, நீராவியில் அசையாமல் இருந்து அவிவதால் அது தாங்குகிறது. கொதித்துப் புரளும் தண்ணீரில் தாங்க இழுபடும் மா வேண்டும்.

அடுத்த சனிக்கிழமை பச்சைக் கோதுமை மா 250 கிராம், குளிர்ந்த தண்ணீர் 125 மில்லிலீற்றர், அரைத் தேக்கரண்டி உப்பு. பத்து நிமிடம் குழைத்தேன். தொடக்கத்தில் கல்லுப்போல இருக்கும், தண்ணீர் கூட்ட வேண்டாம். ஈரத் துணியால் மூடி அரை மணித்தியாலம் விட்டால் தானாக இளகும். பிறகு எவ்வளவு மெல்லிசாக உருட்ட முடியுமோ அவ்வளவு மெல்லிசாக உருட்டி, டம்ளர் வாயால் வட்டம் வெட்டினேன்.

உள்ளே வைக்கும் இறாலை உப்பும் கால் தேக்கரண்டி அப்பச்சோடாவும் பிசறிப் பதினைந்து நிமிடம் வைத்து, நன்றாகக் கழுவி, துணியால் ஈரத்தை ஒற்றியெடுங்கள். கடிக்கும்போது மொறுக்கென்று இருக்கும். பாதியைக் கத்தியின் தட்டைப் பக்கத்தால் நசித்து, பாதியைத் துண்டாக வெட்டி, இஞ்சி, வெள்ளை மிளகுத்தூள், வறுத்த எள்ளெண்ணெய் ஒரு தேக்கரண்டி. நம் நல்லெண்ணெய்க்கு அந்த வாசம் வராது, கபில நிறத்தில் விற்பதுதான் வேண்டும்.

வேறு சட்டியில் தண்ணீர் கொதிக்க வைத்துத்தான் அவித்தேன், சூப்பில் அல்ல. கொதி எழும்பும்போது ஒரு கோப்பை பச்சைத் தண்ணீர், மறுபடி எழும்பினால் மறுபடி, இப்படி மூன்று தடவை. மா கிழியாமல் உள்ளே வேகச் சீன வீடுகளில் செய்வது இது. எல்லாம் மேலே மிதந்தன, ஒன்றுகூட வாய் திறக்கவில்லை. மா கண்ணாடிபோலத் தெளிந்து உள்ளே இறாலின் சிவப்புத் தெரிந்தது. கன்டன்காரர் வொன்டனை எழுதும் எழுத்துகளுக்கு 'மேகத்தை விழுங்கு' என்று பொருள். கிண்ணத்தைப் பார்த்தபோது அது சரியென்றே பட்டது.

கணவாயைச் சூப்பில் கடைசி ஒரு நிமிடம் மட்டும் போடுங்கள், கூடினால் ரப்பர். தேசிக்காய்ப் புளி கிண்ணத்தில்தான், சட்டியில் அல்ல.

இப்போது மாதத்தில் ஒரு நாள் அறுபது வரை செய்கிறோம். மிஞ்சியதைச் சோளமா தூவிய தட்டில் ஒன்றோடொன்று முட்டாமல் அடுக்கி உறைய வைத்துவிட்டு, இறுகியபின் பையில் போடுகிறேன். எடுக்கும்போது மடிப்பைப் பார்த்தே தெரியும். நெருக்கமாகப் பல்லு வைத்தது அம்மா. மூன்றே மூன்று மடிப்போடு வயிறு பெருத்திருப்பது மகள்.