அம்மாவின் முதல் கையெழுத்து எந்தக் காகிதத்தில்?

புதுக்கோட்டை மாவட்டத்திலிருந்து

என் அம்மா எழுத்துக் கூட்டத் தொடங்கியபோது அவளுக்கு முப்பத்திரண்டு வயது. 1991-இல் எங்கள் மாவட்டத்துக்கு அறிவொளி இயக்கம் வந்தது. இரவுச் சாப்பாட்டை முடித்துவிட்டுப் பெண்கள் பள்ளிக்கூடத் திண்ணையில் அரிக்கேன் விளக்கைச் சுற்றி உட்காருவார்கள். பகலெல்லாம் நிலக்கடலை பறித்த கை என்பதால் சிலேட்டுக் குச்சியை அம்மா அழுத்திப் பிடிப்பாள், அது ஒடியும். ஒடிந்த துண்டுகளைப் புடவை முந்தியில் முடிந்து வீட்டுக்குக் கொண்டுவந்து அடுப்படிச் சுவரில் தன் பெயரை எழுதிப் பார்ப்பாள்.

அதே இயக்கம்தான் எங்கள் பக்கத்துப் பெண்களுக்குச் சைக்கிளும் ஓட்டக் கற்றுக்கொடுத்தது. அம்மா ஓட்டியது அப்பாவின் பார் வைத்த சைக்கிள். பாரில் தம்பி, கேரியரில் நான். முழங்காலில் ஒரு காயம் ஆறுவதற்குள் அடுத்த காயம். ஆனாலும் விடவில்லை.

தாத்தா இறந்த மறு வருடம், 1994-இல், பெரிய மாமா வீட்டுக்கு வந்தார். "தங்கச்சி, ஒரு கையெழுத்துப் போடவேண்டியிருக்கிறது" என்றார். பஸ்ஸில் போகலாம் என்று அவர் சொல்ல, அம்மா சைக்கிளிலேயே வருகிறேன் என்றுவிட்டாள். அன்று எனக்குப் பள்ளி விடுமுறை. கேரியரில் உட்கார்ந்து நானும் போனேன்.

சார்பதிவாளர் அலுவலகத்தில் மேசைக்குப் பின்னால் இருந்தவர் அம்மாவின் முகத்தைக்கூடப் பார்க்காமல் மை அட்டையை அவள் பக்கம் நகர்த்தினார். "எனக்கு எழுதத் தெரியும்" என்றாள் அம்மா. அந்தக் குரல் எனக்கு இன்னும் மறக்கவில்லை. பேனாவை வாங்கி, நாக்கைக் கடித்துக்கொண்டு, தன் பெயரின் ஐந்து எழுத்துகளையும் ஒவ்வொன்றாக எழுதினாள். எழுதி முடித்ததும் அவர் மறுபடியும் மை அட்டையைக் காட்டினார். பதிவு என்றால் கையெழுத்துப் போட்டவரும் பெருவிரல் ரேகை வைத்தாகவேண்டும் என்பது அம்மாவுக்குத் தெரியாது. "அதுதான் எழுதிவிட்டேனே" என்றாள். மாமாவும் ரேகை வைப்பதைப் பார்த்த பிறகுதான் வைத்தாள். வெளியே வந்து, விரலில் ஒட்டிய மையைத் தலைமுடியில் துடைத்துக்கொண்டாள். மாமா எனக்கு பஜ்ஜி வாங்கிக்கொடுத்தார். அம்மாவுக்கு ஒரு நூல் சேலை.

கல்லூரியில் படிக்கும்போதுதான் அது என்ன காகிதம் என்று எனக்குத் தெரிந்தது. விடுதலைப் பத்திரம். தாத்தாவின் புன்செய் நிலத்தில் அம்மாவுக்கு உரிய பங்கை அண்ணன்களுக்கு விட்டுக்கொடுத்துவிட்டதாக எழுதிய பத்திரம். மூன்று வருடம் விளக்கு வெளிச்சத்தில் கற்ற எழுத்தை அம்மா முதன்முதலாக ஓர் அரசு அலுவலகத்தில் எழுதியது, தன் நிலம் தனக்கு வேண்டாம் என்று சொல்வதற்காக.

உங்கள் வீட்டுப் பெண்கள் முதலில் கையெழுத்துப் போட்டது எதில்? தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

திண்டுக்கல் பக்கத்திலிருந்து

இதைப் படித்துவிட்டு இரவு தூக்கம் வரவில்லை. எங்கள் வீட்டுக் கதை வேறு விதம். அதில் தவறு செய்தவள் நான்.

அக்காவுக்கு 1987 தை மாதம் கல்யாணம். எனக்கு 1991-இல். எங்கள் இரண்டு கல்யாணத்துக்கும் நடுவில் ஒரு சட்டம் வந்தது. பரம்பரைச் சொத்தில் மகனைப் போலவே மகளும் பங்காளி என்று தமிழ்நாடு அரசு கொண்டுவந்த திருத்தம். 1989 மார்ச் 25 முதல் அமலானது. 1929-இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டில் போட்ட தீர்மானம் சட்டமாக அறுபது வருடம் ஆகியிருக்கிறது. ஆனால் அந்தச் சட்டத்தில் ஒரு கோடு இருந்தது. அந்தத் தேதிக்கு முன்பே திருமணம் ஆன மகளுக்கு அது பொருந்தாது.

1998-இல் அப்பா உயிரோடு இருக்கும்போதே பாகப்பிரிவினை நடந்தது. மூன்று ஏக்கர். அப்பாவுக்கு ஒன்று, அண்ணனுக்கு ஒன்று, எனக்கு ஒன்று. அக்காவுக்குச் சட்டத்தில் இடம் இல்லை என்று பத்திரம் எழுதியவர் சொன்னார். அக்கா எங்களுக்கெல்லாம் சமையல் செய்துகொண்டிருந்தாள். அடுப்படிக்குள்ளிருந்து எட்டிப் பார்த்து, "சரி, சாப்பிட வாருங்கள்" என்றாள். அவ்வளவுதான் பேசினாள்.

அந்த நிலத்தில் எனக்கு முன்பே களை பறித்தவள் அவள். அவள் எட்டாம் வகுப்போடு நின்றதால்தான் நான் பன்னிரண்டு வரை படித்தேன். பாதியை அவளுக்குக் கொடுக்கவேண்டும் என்று அன்றே தோன்றியது. என் புகுந்த வீட்டில் பேச்சு எழும் என்று பயந்து வாயை மூடிக்கொண்டேன். மனதில் இருந்ததைச் செய்யப் பதினான்கு வருடம் ஆனது. 2012-இல் ஐம்பது சென்ட்டை அவள் பெயருக்கு எழுதிவைத்தேன். பட்டா மாறி வந்ததும் அக்கா அதை லேமினேட் செய்து வாங்கி வந்தாள். எனக்குப் பிள்ளை பிறந்தபோது பார்த்த சிரிப்பை அன்றுதான் மறுபடி அவள் முகத்தில் பார்த்தேன்.

அந்தப் பதினான்கு வருடத்தில் ஒருநாள்கூட அவள் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சண்டையாவது போட்டிருப்பேன். கேட்காததுதான் இன்றும் நெஞ்சை அறுக்கிறது.

தஞ்சையிலிருந்து, பத்திர எழுத்தர்

முப்பது வருடமாகப் பத்திரம் எழுதுகிறேன். விடுதலைப் பத்திரங்கள் எத்தனை எழுதினேன் என்று கணக்கில்லை. காட்சி மட்டும் ஒன்றுதான். ஆண்கள் மேசையைச் சுற்றி நிற்பார்கள். கையெழுத்துப் போடவேண்டிய பெண் வெளியே வேப்பமரத்தடியில் குழந்தையை வைத்துக்கொண்டு நிற்பார். எல்லாம் தயாரான பிறகு, "அக்காவைக் கூப்பிடு" என்பார்கள்.

அந்தப் பத்திரங்களில் ஒரு வாசகம் உண்டு. "எனக்குச் சேரவேண்டிய சீர்வரிசைகளை ஏற்கெனவே பெற்றுக்கொண்டபடியாலும், பிறர் தூண்டுதல் இன்றி மனமுவந்தும்" என்று போகும். என் குரு எழுதினார், நானும் எழுதினேன். சட்டப்படி பத்திரத்தைப் படித்துக்காட்டவேண்டும். பலரும் வேகமாகப் படித்துவிட்டு நீட்டுவோம்.

பல வருடங்களுக்கு முன் ஓர் அம்மா, அறுபது வயது இருக்கும், "அந்த வரியை மறுபடி படியுங்கள், அய்யா" என்றார். படித்தேன். "மனமுவந்து என்று உங்களிடம் யார் சொன்னது?" என்று கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்டார். தம்பிகள் இருவரும் தரையைப் பார்த்தார்கள். நான், "வழக்கமாக எழுதுவது, அம்மா" என்றேன். அவர் கையெழுத்துப் போட்டுவிட்டார். அன்றிலிருந்து, பெண்களைத் தனியே உட்காரவைத்து வரிக்கு வரி படித்துக்காட்டிவிட்டுத்தான் எடுத்துக்கொள்கிறேன். இதனால் வேறு எழுத்தரிடம் போனவர்கள் உண்டு. போகட்டும்.

புதுக்கோட்டை சகோதரிக்கும் திண்டுக்கல் சகோதரிக்கும் ஒன்று சொல்லவேண்டும். 2005 செப்டம்பர் 9-இல் வந்த மத்திய அரசின் திருத்தம் அந்தத் திருமணக் கோட்டை அழித்துவிட்டது. எப்போது கல்யாணம் ஆனாலும் மகள் மகள்தான். அந்தத் தேதியில் தகப்பனார் உயிரோடு இருந்திருக்கவேண்டுமா என்ற குழப்பம் நீடித்தது. தேவையில்லை, உரிமை பிறப்பிலேயே வருகிறது என்று உச்ச நீதிமன்றம் 2020 ஆகஸ்ட் 11-இல் தீர்த்துவைத்தது. ஆனால் 2004 டிசம்பர் 20-க்கு முன்பு முறையாகப் பதிவாகி முடிந்த பாகப்பிரிவினையையும் சொத்து மாற்றத்தையும் இந்தத் திருத்தம் தொடாது. ஆகையால் உங்கள் வீட்டின் 1994, 1998 பத்திரங்களை இந்தத் திருத்தத்தைக் காட்டித் திறக்க முடியாது. அப்பா சுயமாகச் சம்பாதித்த சொத்து என்றால் வேறு கணக்கு. அவர் உயில் எழுதாமல் இறந்தால் மகனுக்கும் மகளுக்கும் சம பங்கு என்பது 1956-இலேயே வந்துவிட்டது. இது தெரியாமல் விட்டுக்கொடுத்த பெண்கள் என் கண்ணெதிரிலேயே எத்தனையோ பேர்.

இப்போது ஒன்று மாறியிருக்கிறது. நிலம் வாங்குகிறவர் வாரிசுச் சான்றிதழைக் கேட்கிறார். மகள்கள் கையெழுத்து இல்லாமல் பணம் தரமாட்டேன் என்கிறார். முன்பு வேப்பமரத்தடியில் நின்றவர்களுக்கு இப்போது நாற்காலி போடுகிறார்கள்.

திருநெல்வேலியிலிருந்து

எங்கள் பூட்டியைப் பற்றி என் அப்பா சொன்னது. 1943-இல் அவருக்குத் தாலி இறங்கியது. வயது இருபத்து நான்கு. 1937-இல் வந்த இந்துப் பெண்கள் சொத்துரிமைச் சட்டப்படி கணவரின் வீட்டில் அவருக்குப் பங்கு உண்டு, ஆனால் ஆயுள் உள்ளவரை மட்டும். விற்க முடியாது, யாருக்கும் எழுதிவைக்க முடியாது. அவருக்குப் பிறகு கொழுந்தன்மாருக்குப் போய்விடும். அவர்கள் வருடா வருடம் வந்து ஓட்டைச் சரிபார்த்துவிட்டுப் போவார்களாம், அவருக்காக அல்ல, வீட்டுக்காக.

1956-இல் இந்து வாரிசுரிமைச் சட்டம் வந்தது. இப்படி ஆயுள் உரிமையாக வைத்திருந்த சொத்தெல்லாம் முழு உரிமையாக மாறியது. வக்கீல் ஒருவர் வந்து விளக்கியபோது பூட்டி கேட்டது ஒரே கேள்வி: "அப்படியானால் சாவி என்னுடையதா?" இடுப்பில் செருகியிருந்த சாவிக்கொத்தை அதன்பிறகு கழுத்துக் கயிற்றில் மாட்டிக்கொண்டாராம். அந்த வீட்டை விற்ற பணத்தில்தான் என் அத்தை பாளையங்கோட்டையில் கல்லூரிக்குப் போனார். எங்கள் குடும்பத்தில் முதல் பட்டதாரி அவர்.

ஈரோட்டுப் பக்கத்திலிருந்து

எல்லோரும் விட்டுக்கொடுத்த கதையை எழுதுகிறீர்கள். நான் கேட்டு வாங்கியவள்.

அண்ணன் கல்யாணத்தில், எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளையின் சகோதரி செய்கிற இணைச்சீர் சடங்கைச் செய்தது நான். கூறைப்புடவைக் கூடையோடு அண்ணன் பக்கத்தில் நின்றபோது எனக்குப் பதினெட்டு வயது. அவன் என்னைத் தூக்கி வளர்த்தவன். 2021-இல் பங்கு கேட்டேன். முதலில் வாயால் கேட்டேன். பிறகு வக்கீல் நோட்டீஸ். என் கணவர் தொழிலில் நொடித்துப்போயிருந்தார், மகள் படித்துக்கொண்டிருந்தாள். அப்படி ஒரு கஷ்டம் இல்லாவிட்டால் கேட்டிருப்பேனா? கேட்டிருக்கமாட்டேன். அதுவும் சரியில்லை என்று இப்போது தோன்றுகிறது. கஷ்டம் வந்தால்தான் கேட்கலாம் என்பதற்கு அது என்ன தர்மக் காசா?

முப்பது சென்ட் வந்தது, இருபத்தொரு தென்னையோடு. கையெழுத்துப் போட்ட அன்று அண்ணி என்னிடம், "இனிமேல் உனக்குப் பிறந்த வீடு கிடையாது" என்றார். 2023-இல் மகள் கல்யாணம். தாய்மாமன் இடத்தில் அண்ணன் இல்லை. மேடையில் மாமனுக்கு என்று போட்ட நாற்காலியை எடுக்கவேண்டாம் என்று நான்தான் சொன்னேன். ஒரு மாலையும் தாம்பூலத்தட்டும் அதன்மேல் கடைசிவரை இருந்தன. புகைப்படத்திலும் இருக்கின்றன.

கேட்டது தவறு என்று ஒருநாளும் நினைக்கவில்லை. தேங்காய் இறக்குகிற நாளில் மட்டும், முதல் குலையை அண்ணன் வீட்டு வாசலில் வைத்துவிட்டு வருகிறேன். இதுவரை திருப்பி அனுப்பியதில்லை.

புதுக்கோட்டை மாவட்டத்திலிருந்து, மீண்டும்

எல்லாவற்றையும் அம்மாவுக்குப் படித்துக்காட்டினேன். ஈரோட்டு அக்காவின் நாற்காலி வந்ததும், "அந்தப் பிள்ளைக்கு நல்ல மனது" என்றாள். பத்திர எழுத்தர் அய்யா எழுதியதைக் கேட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். "எனக்கு யாரும் படித்துக்காட்டவில்லை. எனக்கே படிக்கத் தெரியுமே, கொடுத்திருந்தால் படித்திருப்பேனே" என்றாள்.

மறுநாளே அந்தப் பத்திரத்தின் நகலுக்கு மனுப் போட்டேன். போன வாரம் கையில் கிடைத்தது. அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசல் வெளிச்சத்தில் உட்கார்ந்து விரலை வைத்து வைத்துப் படித்தாள். ஆறு பக்கத்துக்கு ஒரு மதியம் முழுவதும் ஆனது. அந்த வரி இதிலும் இருந்தது. ம, ன, மு, வ, ந், து என்று ஒவ்வோர் எழுத்தாகக் கூட்டினாள். எதுவும் சொல்லாமல் அடுத்த வரிக்குப் போனாள்.

நான்கெல்லை எழுதியிருந்த இடத்தில் விரல் நின்றது. தெற்கே கண்மாய்க் கரை. கிழக்கே வண்டிப் பாதை. வடக்கே இன்னாருடைய புன்செய் என்று போட்டிருந்தது. "வடக்கே இரட்டைப் பனை நிற்கிறது, அதை எழுதவில்லையே" என்றாள். "இந்தப் பக்கம் வரப்பு நேராகப் போகாது, கிணற்றை ஒட்டி வளையும். அதையும் விட்டுவிட்டார்கள்." என்னிடம் பென்சில் கேட்டாள். நகலின் ஓரத்தில் இரட்டைப் பனை என்று எழுதினாள். ட்-டுக்குப் புள்ளி வைக்க மறந்து, மறுபடி எடுத்து வைத்தாள்.

பிறகு அதை நான்காக மடித்து, ரேஷன் கார்டு இருக்கும் தகரப் பெட்டியில் வைக்கச் சொன்னாள்.