செம்பியன் மாதேவியை மேடையில் எப்படிக் காட்டுவது?

கேள்வி (தமிழாசிரியை, கும்பகோணம் பக்கம்)

எங்கள் பள்ளி ஆண்டு விழாவுக்கு 25 நிமிட நாடகம் போடுகிறோம். பத்தாம் நூற்றாண்டுச் சோழ அரசி செம்பியன் மாதேவியைப் பற்றி எழுதலாம் என்று நான்தான் சொன்னேன். கோனேரிராஜபுரம் கோயிலுக்குச் சின்ன வயதிலிருந்தே போய்வருகிறவள் நான். தெற்குச் சுவரில் அவர் கணவர் கண்டராதித்த சோழர் உட்கார்ந்து லிங்கத்தைப் பூசிக்கும் சிற்பம் இருக்கும். தம் கணவர் பெயரால் மாதேவடிகளார், அதாவது செம்பியன் மாதேவி, எடுப்பித்த கற்றளி (கற்கோயில்) என்று அதோடு கல்வெட்டும் உண்டு. அந்தம்மாள் மேல் எனக்கு அப்படியொரு பிரியம்.

மூன்று காட்சி எழுதினேன். கணவர் இறக்கிறார், அழுகிறார். மகன் அரியணை கேட்கிறான், அழுகிறார். கோயிலில் நின்று கும்பிடுகிறார். ஒத்திகையில் அந்த வேடம் கட்டும் ஒன்பதாம் வகுப்புப் பெண் கேட்டாள்: "டீச்சர், நான் ஒண்ணு அழுவுறேன், இல்லன்னா கும்புடுறேன். இவங்க என்னதான் செஞ்சாங்க?"

பதில் சொல்ல முடியவில்லை. வீட்டுக்கு வந்து யோசித்தால், நான் எழுதியது நாவலும் சினிமாவும் என் தலையில் வைத்துவிட்டுப் போன உருவம்தான். கணவர் இறந்தது 957 வாக்கில். அந்தம்மாள் பெயர் 1001 வரை கல்வெட்டில் வருகிறது. இடையில் நாற்பது வருஷத்துக்கு மேல்! அதை நான் இரண்டு அழுகையில் முடித்துவிட்டேன். மேடையில் அவர் செய்ய ஒரு வேலை வேண்டும். யாராவது வழி சொல்லுங்கள்.

பதில் (நாடகக்காரன், தஞ்சாவூர்)

டீச்சர், நாவல் மேல் முழுப் பழியையும் போடாதீர்கள். கல்கி 1950இலிருந்து 54 வரை தொடராக எழுதிய 'பொன்னியின் செல்வ'னில் இந்த அம்மாளுக்குப் பெரிய பாரம் ஒன்று இருக்கிறது. அரியணை கேட்கும் மகன் மதுராந்தகன் தன் வயிற்றில் பிறக்காதவன் என்று தெரிந்தே வளர்த்தவர் அவர். சொந்தப் பிள்ளை சேந்தன் அமுதனாகப் பூத்தொடுத்துக்கொண்டு இருக்கிறான். கடைசியில் அவன்தான் உத்தம சோழன் என்று முடிசூடுகிறான்.

கல்வெட்டில் அவரைக் குறிக்கும் தொடர் என்ன தெரியுமா? 'உத்தம சோழரைத் திருவயிறு வாய்த்த உடைய பிராட்டியார்.' அவரைப் பெற்றெடுத்த அரசியார் என்று பொருள். கல்கி கதையை எங்கெங்கோ சுற்றவிட்டு, அந்தத் 'திருவயிறு' பொய்யாகாமல் காப்பாற்றிவிட்டார். எனக்கு அது இன்றும் ஆச்சரியம்தான்.

2022, 2023இல் வந்த 'பொன்னியின் செல்வன்' படங்களில் ஜெயசித்ரா இந்த அம்மாளாக நடித்தார். நல்ல நடிகை. ஆனால் படத்தில் அந்தப் பிள்ளை மாறிய கதையையே எடுத்துவிட்டார்கள். ரகுமான் நடித்த மதுராந்தகனே முடிசூடுகிறான். ரகசியம் போனதும் அம்மாவுக்குச் செய்ய எதுவும் மிச்சமில்லை. நீங்கள் நாடகத்திலும் ரகசியத்தை எடுத்துவிட்டுக் கண்ணீரை மட்டும் வைத்துக்கொண்டீர்கள். அந்தப் பெண்ணுக்கு அது உறுத்தியிருக்கிறது.

பதில் (கோயில் கோயிலாகச் சுற்றுகிறவர்)

அம்மா, ஒரு காட்சி சொல்கிறேன். திருக்கோடிக்காவல் போயிருக்கிறீர்களா? உங்களுக்குப் பக்கம்தான். பழைய கோயிலைப் பிரித்துக் கருங்கல்லில் கட்ட ஏற்பாடு செய்தவர் இவர். மகன் உத்தம சோழன் ஆட்சிக்காலம். அங்கே பழைய கற்களில் நிலதானம், விளக்குதானம் எல்லாம் வெட்டியிருந்தன. பல்லவர் காலத்தவையும் அவற்றில் உண்டு. கட்டுகிற அவசரத்தில் அதை அடித்தளத்தில் போட்டு மூடியிருந்தால் யார் கேட்கப்போகிறார்கள்? அந்தக் கல்வெட்டுகளையெல்லாம் படியெடுத்துப் புதுச்சுவரில் மறுபடி வெட்ட வைத்தார்கள். பழைய கல்லில் இருந்ததன் படி இது என்ற குறிப்போடு!

யாரோ ஒரு ஏழை விளக்கெரிக்கும் நெய்க்காகக் கொடுத்த ஆட்டுக்கும் கணக்குத் தவறக்கூடாது என்று நின்ற மனசு அது. உங்கள் மாணவி கேட்ட 'என்னதான் செஞ்சாங்க' என்பதற்கு இதைவிட நேரான பதில் எனக்குத் தெரியவில்லை.

பதில் (உடையலங்காரம் செய்பவள்)

அக்கா, வேஷம் பற்றி ஒன்று. வாஷிங்டன் ஃப்ரீயர் காட்சியகத்தில் ஒரு செப்புத்திருமேனி இருக்கிறது. ஏறக்குறைய 107 செ.மீ. உயரம். தலையில் மகுடம், ஒரு கை பூப்பிடிப்பதுபோல், இன்னொரு கை தளர்ந்து தொங்கும். பார்வதியின் உருவில் செம்பியன் மாதேவி என்கிறார்கள். எல்லா அறிஞர்களும் ஒப்புக்கொள்ளவில்லை. அது அவரோ இல்லையோ, தோளைப் பாருங்கள். அப்படியொரு நிமிர்வு. முதுகு வளையாமல் நிற்கச் சொல்லிக்கொடுத்தாலே பாதி வேஷம் முடிந்தது. வெள்ளைச் சேலையே கட்டினாலும் பரவாயில்லை.

கேள்வி கேட்டவர்

எல்லோருக்கும் நன்றி. அழுகைக் காட்சி இரண்டையும் எடுத்துவிட்டேன். இப்போது நாடகம் திருக்கோடிக்காவலில் தொடங்குகிறது. தச்சன் கேட்கிறான், "தாயே, இந்தப் பழங்கல்லைக் கடைக்காலில் போட்டுவிடவா?" அவர் குனிந்து கல்லில் மண்ணைத் துடைத்து, விரல் வைத்து எழுத்துக்கூட்டி வாசிக்கிறார். வாசித்து முடிக்கும்வரை யாரும் பேசுவதில்லை. நேற்று ஒத்திகையில் அந்தப் பெண் தானாகவே கல்லைத் தன் பக்கம் இழுத்து வைத்துக்கொண்டாள். நான் சொல்லிக்கொடுக்கவில்லை.

மகனோடு பேசும் காட்சியைக் கடைசிக்கு மாற்றியிருக்கிறேன், இன்னும் சரியாக வரவில்லை. அப்புறம் ஒரு உதவி: தெர்மாகோல் கல்லில் எழுத, பத்தாம் நூற்றாண்டு எழுத்தில், கல்வெட்டின் தொடக்கத்தில் வரும் 'ஸ்வஸ்திஸ்ரீ'யும் நாலு வரியும் யாராவது வரைந்து தர முடியுமா? இக்கால எழுத்தில் எழுதினால் முன்வரிசைப் பிள்ளைகள் படித்துவிடுவார்கள். அவள் எழுத்துக்கூட்டுவதை அவர்கள் காதால் கேட்க வேண்டும்.