9.1 ÷ 0.35 போட்டால் 2.6 வருகிறது, எங்கே தப்பு?

செவ்வாப்பேட்டை டியூஷன்:
ஏழாம் வகுப்புப் பிள்ளைகள். வெறும் எண்ணாகக் கொடுத்தால் தசம வகுத்தலைப் போட்டுவிடுகிறார்கள், வார்த்தைக் கணக்கு என்றால் சறுக்கல்தான். நம்மூர்க் கணக்காக இருக்கட்டும் என்று கொலுசில் கொடுத்தேன்: "ஒரு கொலுசு மணிக்கு 0.35 கிராம் வெள்ளி. 9.1 கிராமில் எத்தனை மணி செய்யலாம்?" பாதிப் பேர் 91 ÷ 35 = 2.6 என்று எழுதியிருக்கிறார்கள். இரண்டரை மணியா என்று ஒருவருக்கும் உறுத்தவில்லை. எப்படிச் சொல்லிக் கொடுப்பது?

ஆத்தூர்க் கணக்கு:
"புள்ளியை எடுத்துட்டு வகு" என்று சொல்லிக் கொடுப்பதால் வரும் வினை இது. 9.1-ல் புள்ளியை எடுத்தால் 10-ஆல் பெருக்கியதாகிறது, 0.35-ல் எடுத்தால் 100-ஆல். இரண்டுக்கும் ஒரே பெருக்கல்தான் வேண்டும். வகுக்கும் எண்ணைப் பார்த்து முடிவு செய்யச் சொல்லுங்கள்: 0.35 முழு எண்ணாக 100 தேவை, அதே 100 மேலேயும். 910 ÷ 35 = 26. மேலே உள்ள எண்ணில் புள்ளி மிஞ்சினால் மிஞ்சட்டும், பாதகமில்லை.

வகுக்கும் முன்னாலேயே ஓர் உத்தேசம் எழுத வையுங்கள். மூன்று மணிக்கு 1.05 கிராம். அப்படியானால் ஒரு கிராமுக்குக் கிட்டத்தட்ட மூன்று, 9 கிராமுக்கு 27-ஐ ஒட்டி. 2.6 அங்கேயே அடிபட்டுப் போகும்.

மலைமிளகு:
புள்ளியே வேண்டாம், மில்லிகிராமாக்கிவிடலாமே? 9100 ÷ 350 = 26. சின்னப் பிள்ளைகளுக்கு இதுதான் சுலபம்.

ஆத்தூர்க் கணக்கு:
@மலைமிளகு, இரண்டும் எடையாக இருக்கும்வரை சரி. விலைக் கணக்கில் இதுவே குழி. 0.75 கிலோ காபித்தூள் 412.50 ரூபாய், ஒரு கிலோ என்ன விலை? 41250 பைசா ÷ 750 கிராம் = 55. உடனே "55 ரூபாய்" என்று எழுதுவார்கள். அது ஒரு கிராமுக்கு 55 பைசா. கிலோவுக்கு 550 ரூபாய். முக்கால் கிலோவே 412 ரூபாய் என்றால் முழுக் கிலோ அதைவிடக் குறையுமா?

அம்மாப்பேட்டை நூல்:
மீதியைப் பற்றி யாரும் பேசவில்லை. அதில்தான் மதிப்பெண் போகிறது. ஏற்காட்டுக் காபிக்கொட்டை 18.6 கிலோ, 1.5 கிலோ பைகளில் அடைக்க வேண்டும். 186 ÷ 15: ஈவு 12, மீதி 6. மிச்சம் 6 கிலோ என்று ஒருவன் எழுதுவான். தசமம் வரை போட்டவன் 12.4 பார்த்து 0.4 கிலோ என்பான். இரண்டும் தப்பு. இரண்டு எண்ணையும் 10-ஆல் பெருக்கியதால் மீதியும் 10 மடங்காகியிருக்கிறது. 6-ஐ 10-ஆல் வகுத்தால் 0.6 கிலோ. அந்த 0.4 என்பது 0.4 பை, 0.4 × 1.5 = 0.6. சரிபார்ப்பு: 12 × 1.5 = 18, கூட்டு 0.6.

கேள்வியின் கடைசி வரியையும் படிக்க வையுங்கள். "நிரம்பிய பைகள் எத்தனை" என்றால் 12. "எல்லாவற்றையும் அடைக்க எத்தனை பை" என்றால் 13.

செவ்வாப்பேட்டை டியூஷன்:
மீதியை நான் தொடவே இல்லை, நாளைக்கே போடுகிறேன். ஜவ்வரிசி 7.35 கிலோ, 0.7 கிலோ பொட்டலம் என்று கொடுத்தால் 73.5 ÷ 7 = 1.5 என்றும் வருகிறதே?

அம்மாப்பேட்டை நூல்:
3-ஐ இறக்கியதும் 7 அதில் போகாது. அங்கே ஈவில் 0 போடாமல் அடுத்த 5-ஐ இறக்கிவிடுகிறார்கள். இறக்கும் ஒவ்வோர் இலக்கத்துக்கும் மேலே ஓர் இலக்கம் இருக்க வேண்டும்: 10.5. பத்துப் பொட்டலம், மிச்சம் 0.35 கிலோ.